ஓட்டு இயந்திரமும் நம் தெருக் கதையும்

ஓட்டுச்சாவடியில் பொத்தானை அழுத்தியதும் நீளமாக ஓர் ஒலி கேட்கிறதே, அந்த இயந்திரம் உருவானதில் முக்கியப் பங்கு வகித்தவர் ஒரு நாவலாசிரியர். எஸ்.ரங்கராஜன் (1935-2008) என்று சொன்னால் பலருக்குத் தெரியாது. சுஜாதா என்றால் தெரியும். ஸ்ரீரங்கத்தில் பாட்டி வீட்டில் வளர்ந்தவர். திருச்சி புனித வளனார் கல்லூரியில் இயற்பியலும் குரோம்பேட்டை எம்.ஐ.டி.யில் மின்னணுவியலும் படித்தார். பெங்களூரு பாரத் எலக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தில் பொறியாளராக இருந்துகொண்டே எழுதிக் குவித்தார்.

அந்த இயந்திரத்தில் ஓர் ஏற்பாடு உண்டு. ஒவ்வொரு ஓட்டுக்கும் அதிகாரி தனியே அனுமதி தரவேண்டும். நிமிடத்துக்குச் சில ஓட்டுகளுக்கு மேல் பதிவாகாது. சாவடியைக் கைப்பற்றிக் கட்டுக் கட்டாகக் குத்தித் தள்ளுவது இதனால் கடினமானது. "உங்க ஓட்டைப் போட்டாச்சு, போங்க" என்று சேரி மக்கள் விரட்டப்பட்ட ஊர்களுக்குத்தான் இதன் அருமை தெரியும்.

அவருடைய கதைகளுக்கு வருவோம். 'ஸ்ரீரங்கத்து தேவதைகள்' கோயில் மதிலைச் சுற்றிய தெருக்களின் கதை. தான் வளர்ந்த தெருவை அவர் எழுதினார். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. நம்மைப் போன்றவர்களின் துயரத்தை அவர் பார்க்கவில்லை என்றும் சொல்லிவிட முடியாது. காய்ச்சலில் கிடக்கும் மகளோடு மதுரைப் பெரியாஸ்பத்திரியில் அலைக்கழிக்கப்படும் வள்ளியம்மாளை 'நகரம்' கதையில் படித்துக் கலங்காதவர் யார்? ஆனாலும் அது வெளியே நின்று பரிவோடு பார்த்தவர் எழுதியது. வள்ளியம்மாளின் மகள் பிழைத்து, படித்து, தானே எழுதியிருந்தால் அந்தக் கதை வேறாக இருந்திருக்கும்.

அந்த மகள்களும் மகன்களும் இன்று திருச்சியைச் சுற்றியுள்ள பொறியியல் கல்லூரிகளில் படிக்கிறார்கள். கொள்ளிடக் கரையில் வாழைத்தார் சுமந்தவர்களின் பிள்ளைகள், குடும்பத்தின் முதல் பட்டதாரிகள். "கதை எழுதினா சோறு கிடைக்குமா?" என்று வீட்டில் கேட்கிறார்கள். பசியறிந்தவர்கள் கேட்கும் கேள்வி அது. அதைத் தட்டிக்கழிக்கக் கூடாது. ரங்கராஜனின் வாழ்க்கையிலேயே பதில் இருக்கிறது: வேலை சோறு போட்டது, எழுத்து கூடவே வந்தது. அவருக்குப் படித்த குடும்பமும் புத்தகங்களும் துணை இருந்தன. நமக்கு அவை குறைவு. ஆனால் யாரும் எழுதாத கதைகள் நம் தெருவில் நிறைய இருக்கின்றன.

மாணவர்களே, அடுத்த விடுமுறையில் ஊருக்குப் போனால், பாட்டி முதன்முதலில் ஓட்டுப் போடப் போன நாளைக் கேளுங்கள். போடவிட்டார்களா என்றும் கேளுங்கள். அதை ஒரு பக்கம் எழுதிவையுங்கள். நம் ஓட்டை நாமே போடுவது போல, நம் கதையையும் நாமே எழுத வேண்டும்.