சூதுக்குத் 'திறன்' என்று பெயரா?

நாரணாபுரத்து வெடியாலையில் மருந்து கலக்கும் தொழிலாளி, உயிரையே பணயமாக வைத்துத் தன் கிழமைக் கூலியை ஈட்டுகின்றான். அக் கூலியையும் பணயமாக வை என்று அவன் கைப்பேசிக்குள் புகுந்து அழைத்தது இணையவழி இரம்மி. அழைத்த வணிகர் அதனைச் சூது என்றாரில்லை. 'திறன் விளையாட்டு' என்றனர்! நஞ்சுக் குப்பியின்மேல் தேன் என்று எழுதி ஒட்டுவதற்கும் இதற்கும் என்ன வேறுபாடு?

இதனைத் தடுக்கத் தமிழ்நாடு 2021இல் இயற்றிய சட்டத்தை, அவ்வாண்டு ஆகத்துத் திங்களிலேயே சென்னை உயர்முறைமன்றம் வீழ்த்தியது. பின்னர், ஓய்வுபெற்ற நடுவர் சந்துரு தலைமையிலான குழு ஆய்ந்துரைத்தது. 2022 அக்தோபரில் சட்டமன்றம் புதிய சட்டவரைவை நிறைவேற்றியது. ஆளுநரோ நான்கு திங்களுக்கு மேல் அதனை வைத்திருந்து, மாநிலத்திற்கு அவ்வுரிமை இல்லையென்று 2023 மார்ச்சில் திருப்பினார். அதே திங்களில் மன்றம் மீண்டும் நிறைவேற்றியது. ஏப்பிரலில் ஒப்புதல் வந்தது. நவம்பரில் உயர்முறைமன்றம், சட்டம் செல்லும். ஆனால் இரம்மிக்கும் போக்கருக்கும் செல்லாது என்றது. வேலி இருக்கலாம், பயிரை மேயும் மாட்டை மட்டும் அது தடுக்கலாகாது! 2023 நமக்குக் கற்பித்த பாடம் இது.

இவ்வழக்குரையின் வேர், 1967இல் ஆந்திர வழக்கொன்றில் உச்சமுறைமன்றம் அளித்த தீர்ப்பு. வீழும் சீட்டுகளை நினைவிற் கொண்டு, எதை வைப்பது, எதை விடுப்பது என்று தேர்வதால், இரம்மி பெரிதும் திறன் சார்ந்தது என்றது அது. ஆயின், பணயம் வைத்தாடும் ஆட்டத்தால் ஆடுமிடத்து உரிமையாளர் ஊதியம் பெறின் அது குற்றமாகலாம் என்றும் அதே தீர்ப்பு உரைத்தது. முதற்பாதியை முழங்கினர், மறுபாதியை மறைத்தனர். எவர் வென்றாலும் எவர் தோற்றாலும் தம் பங்கை எடுத்துக்கொண்டவர் களத்து உரிமையாளர் அல்லரோ?

சீட்டைச் சேர்ப்பதில் திறனுண்டு, மறுக்கவில்லை. வில்லெய்வதிலும் திறனுண்டு. அதன்மேற் பணயம் வைப்பதோ சூதே. கள்ளுண்ணாமைக்கும் மருந்துக்கும் இடையே, 94ஆம் அதிகாரமாகச் சூதை வைத்த வள்ளுவர், அதிலுள்ள திறனை அளந்து பார்க்கவில்லை. அதில் வரும் வெற்றியையும் சேர்த்தே விலக்கினார்.

2025 ஆகத்தில் நாடாளுமன்றம், திறனாயினும் வாய்ப்பாயினும், பணம் வைத்தாடும் இணைய விளையாட்டு அனைத்தையும் தடுத்துச் சட்டம் இயற்றியது. தமிழ்நாடு கேட்டபோது இல்லாத நேர்மை, தில்லி கேட்டபோது எங்கிருந்து வந்தது? இடைப்பட்ட ஈராண்டில் கடன்பட்டு அழிந்த குடும்பங்களுக்கு விடை கூறுவார் யார்? தன் மக்களைக் காக்கும் சட்டத்தைத் தானே செய்துகொள்ளும் உரிமை தமிழ்நாட்டிற்கு வேண்டும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

தமிழீர்! சட்டங்கள் மாறலாம், வழக்குகள் நீளலாம். எம் முகமூடி அணிந்து வரினும் சூதைச் சூதென்றே சொல்லுக! பொய்ப்பெயரை உரித்தெறிந்தால், பொய்வணிகம் தன் காலிலேயே வீழும்.