சித்திரம் சோறு போடுமா?

பெற்றோர் கூட்டங்களில் அடிக்கடி காதில் விழும் கேள்வி இது. அழகாக வரைகிற பெண் பத்தாம் வகுப்புக்கு வந்ததும் அவளுடைய வர்ணப் பெட்டி பரணுக்குப் போய்விடுகிறது. மேட்டூர்த் தண்ணீரையும் கடலையும் நம்பிப் பிழைக்கிற நம் பக்கத்துப் பெற்றோர் இப்படிக் கவலைப்படுவதில் வியப்பில்லை. ஆனாலும் இந்தக் கேள்விக்குத் தம் வாழ்க்கையாலேயே விடை சொன்ன ஒருவர் இருந்தார். அவர் கார்ட்டூன் பட இயக்குநர் ராம் மோகன்.

1931-ல் பிறந்த அவர் சென்னைப் பல்கலைக்கழகத்தில் வேதியியல் பட்டம் பெற்றவர். 1956-ல் பம்பாயில் மத்திய அரசின் பிலிம்ஸ் டிவிஷனில் கார்ட்டூன் பிரிவில் சேர்ந்தார். வீட்டில் என்ன சொல்லியிருப்பார்களோ! அங்கே வால்ட் டிஸ்னி நிறுவனத்தில் பணியாற்றிய கிளேர் வீக்ஸ் என்பவர் இளைஞர்களுக்குப் பயிற்சி அளித்தார்.

அது எளிய வேலையன்று. திரையில் ஒரு வினாடிக்கு 24 படங்கள் ஓடுகின்றன. பத்து நிமிடப் படத்துக்கு 14,400 ஆகிறது. ஒரே சித்திரத்தை இருமுறை படம் பிடித்தாலும் 7,200 சித்திரங்கள் வேண்டும். மார்கழி விடியலில் புள்ளி பிசகாமல் கோலம் போடும் கைகளுக்கு இந்தப் பொறுமை புதிதா, மாணவியரே?

1972-ல் ராம் மோகன் சொந்த நிறுவனம் தொடங்கினார். சத்யஜித் ராயின் 'சத்ரஞ்ச் கே கிலாடி' படத்தில் வரும் கார்ட்டூன் பகுதி அங்கே உருவானதுதான். 1992-ல் ஜப்பானியரோடு சேர்ந்து இராமாயணத்தை முழுநீளப் படமாக்கினார். 2014-ல் பத்மஸ்ரீ விருது பெற்றார். 2019-ல் காலமானார்.

என்னைக் கேட்டால், இவை எல்லாவற்றையும்விடப் பெரியது 'மீனா'. ஏறத்தாழ அறுபது வயதில், யுனிசெஃப் நிறுவனத்துக்காக அவர் இயக்கிய தொடரின் நாயகி அந்தச் சிறுமி. தம்பி ராஜு பள்ளிக்குப் போகிறான்; மீனா வீட்டில் இருக்கிறாள். அவளோ தன் கிளி மிட்டுவை வகுப்பறைக்கு அனுப்பி, அது கேட்டு வந்த கணக்கைக் கற்றுக்கொள்கிறாள். கோழிகளை எண்ணும்போது ஒன்று குறைவதைக் கண்டு திருடனைப் பிடிக்க வைக்கிறாள். பிறகென்ன, அவளும் பள்ளிக்குப் போகிறாள்! இன்னொரு கதையில் மாம்பழத்தின் பெரிய பங்கு தம்பிக்குப் போகிறது. நம் வீடுகளில் மீன் குழம்பின் பெரிய துண்டு யார் தட்டில் விழுகிறது என்று தாய்மார்கள் யோசிக்கட்டும். மேடைப் பேச்சில் சொன்னால் கோபம் வரும் ஒன்றை, சிரிக்க வைத்தே சொல்லிவிட்டார் மனிதர்.

இந்தத் தொழில் பெண்களுக்கு எளிதில் வழி விடவில்லை. டிஸ்னி நிறுவனத்திலேயே 1930-களில் பெண்களுக்குப் பெரும்பாலும் கிடைத்தது பிறர் வரைந்த கோட்டுக்கு மையிட்டு வர்ணம் பூசும் வேலைதான். 1942-ல் வந்த 'பாம்பி' படத்தில்தான் ரெட்டா ஸ்காட் என்ற பெண்ணின் பெயர் அசைவோவியராகத் திரையில் வந்தது. அவர் வரைந்தது சீறிப் பாயும் வேட்டை நாய்களை!

இன்று சென்னை தரமணியில் உள்ள அரசு திரைப்படப் பயிற்சி நிறுவனத்திலும், அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்திலும் இக்கலையைப் பட்டப்படிப்பாகவே கற்கலாம். பிளஸ் டூ முடித்ததும் பொறியியலுக்கும் நர்சிங்குக்கும் விண்ணப்பம் வாங்கும் பெற்றோர்கள் இதற்கும் ஒன்று வாங்கிப் பார்க்கட்டும். அதுவரை அந்த வர்ணப் பெட்டி பரணில் ஏற வேண்டாம்.