கழுதைக்கு எதற்குக் கோயில்?

அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரம் வானம் பார்த்த பூமி. அங்கே கழுதையை அறியாதவர் இல்லை. கொளுத்தும் வெயிலில் அழுக்கு மூட்டை சுமந்த பிராணி அது. கிடைத்ததைத் தின்று காலம் தள்ளியது. ஆனாலும் ஒருவரைத் திட்ட வேண்டுமானால் வாயில் முதலில் வருவது அதன் பெயர்தான்!

அந்தக் கழுதையை வைத்து ஒரு தமிழ்ப் படம் வந்தது. பெயர் 'அக்கிரகாரத்தில் கழுதை'. ஆண்டு 1977. கதை எழுதியவர் வெங்கட் சாமிநாதன். இயக்கியவர் ஜான் ஆபிரகாம்.

ஆபிரகாம் கேரளத்துக்காரர். இன்சூரன்ஸ் வேலையை உதறிவிட்டு, புனே திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். அங்கே வங்க இயக்குநர் ரித்விக் கட்டக்கின் மாணவர் ஆனார். பலர் சொல்ல அஞ்சியதைப் படமாக எடுத்தார். அவர் எடுத்த முழுநீளப் படங்கள் நான்கே.

பழி சுமந்த பிராணி

தாயை இழந்த கழுதைக் குட்டி ஒன்றைப் பேராசிரியர் ஒருவர் வளர்க்கிறார். கல்லூரியில் எல்லாரும் கேலி செய்கிறார்கள். அதனால் பெற்றோர் இருக்கும் அக்கிரகாரத்துக்கு அதைக் கொண்டுபோகிறார். வாய் பேசாத உமா என்ற பெண் அதைப் பராமரிக்கிறாள்.

ஊரில் எது நடந்தாலும் பழி கழுதை மேல் விழுகிறது. உமாவை ஒருவன் ஏமாற்றிவிடுகிறான். அவளுக்குக் குழந்தை இறந்தே பிறக்கிறது. குழந்தையின் உடல் கோயில் அருகே கிடக்கிறது. அதற்கும் கழுதைதான் காரணமாம்! அதை அடித்துக் கொல்கிறார்கள்.

பிறகு ஊரில் சில நன்மைகள் நடக்கின்றன. உடனே 'எல்லாம் கழுதையின் மகிமை' என்கிறார்கள். கொன்ற கழுதைக்கே கோயில் கட்டப் புறப்படுகிறார்கள். முடிவில் ஊரே தீக்கு இரையாகிறது.

படத்துக்கு எதிர்ப்புக் கிளம்பியது. ஆனால் 1977-ம் ஆண்டின் சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருதும் அதற்கே கிடைத்தது.

இது ஒரு தெருவின் குற்றம் மட்டும் அல்ல. எளியவர் தலையில் பழி போடும் குணம் எல்லாத் தெருக்களிலும் உண்டு. மாமனார் நோயில் படுத்தால், 'வந்த மருமகளின் ராசி' என்கிறார்கள். பொருள் காணாமல் போனால், முதலில் வேலைக்காரப் பெண்ணைத்தான் கேட்கிறார்கள்.

திருச்சுழி தந்த பாடம்

1879-ல் திருச்சுழியில் பிறந்த ரமண மகரிஷி வேறு வழி காட்டினார். திருவண்ணாமலை ஆசிரமத்தில் லட்சுமி என்ற பசுவிடம் அன்பு செலுத்தினார். 1948-ல் அது உயிர் விடும் வேளையில் அருகே அமர்ந்து தடவிக் கொடுத்தார். அதன் பிறகுதான் சமாதி எழுந்தது. மான், நாய், காகம் ஆகியவற்றுக்கும் அங்கே சமாதி உண்டு. உயிரோடு இருக்கும்போதே காட்டிய அன்பு அது.

ஆபிரகாமுக்கு அந்த அன்பு குறைவாகவே கிடைத்தது. 1986-ல் வந்த 'அம்ம அறியான்' அவருடைய கடைசிப் படம். அதற்குப் பணம் இல்லை. 'ஒடேசா' என்ற குழுவினர் ஊர் ஊராகச் சாப்ளின் படம் காட்டி, மக்களிடம் காசு திரட்டினார்கள். 1987 மே 31-ல் கோழிக்கோட்டில் கட்டிடத்திலிருந்து விழுந்து அவர் இறந்தார். வயது 49. பின்னர் அவர் பெயரால் விருது ஏற்படுத்தினார்கள்.

விருது நல்லதுதான். படத்தைப் பார்ப்பது அதைவிட நல்லது. நூலகங்களும் வாசகர் வட்டங்களும் பெரியவர்களுக்காக இதைத் திரையிடலாம். அருப்புக்கோட்டையில் தொடங்கட்டும்; திருச்சுழிக்கும் வரட்டும். பார்த்துத் திரும்புகிறவர் வீட்டில் யார் மேலாவது பழி சொல்லும் முன் ஒரு நிமிடம் யோசித்தால், அதுவே பெரிய பலன்!