வழக்கை எந்தக் கோர்ட்டில் போடுவது?

நமது திருவண்ணாமலையில் பௌர்ணமிதோறும் மலையைச் சுற்றுகிற ஜனங்களில், சிவில் வழக்கு ஜெயிக்க வேண்டுமென்று வேண்டிக்கொண்டு சுற்றுகிறவர்களும் இருக்கிறார்கள். பதினான்கு கிலோமீட்டர் நடப்பது அவர்களுக்குச் சிரமமாகத் தோன்றுவதில்லை. ஆனால், “உமது வழக்கை எந்தக் கோர்ட்டில் போட்டிருக்கிறீர்? ஏன் அங்கே போட்டீர்?” என்று கேட்டால் மாத்திரம், “அதெல்லாம் குமாஸ்தாவுக்குத்தான் தெரியும்” என்கிறார்கள்.

செங்கம் பக்கத்துக் குடியானவர் ஒருவர், பங்காளி தம் நிலத்தைப் பிடித்துக்கொண்டான் என்று பிராது கொடுத்தார். ராகுகாலம் தவிர்த்து, நல்ல நாள் பார்த்தே கொடுத்தார். தரகன் ஒருவன், கட்டணம் குறையும் என்று ஆசை காட்டி, நிலத்தின் மதிப்பைக் குறைத்தெழுதி முன்சீப் கோர்ட்டில் போடச் செய்தான். பிரதிவாதி ஆட்சேபித்தார். மதிப்பு தமது அதிகாரத்துக்கு மேற்பட்டதென்று கண்டு கோர்ட்டார் பிராதைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்கள். “கிரகம் சரியில்லை” என்று நம்மிடம் வந்து அழுதார். “கிரகமெல்லாம் சரியாகத்தான் இருக்கிறது, கணக்குத்தான் சரியில்லை” என்று சொன்னோம்.

அந்தக் கணக்கு என்ன? நம் ஜில்லாக்களில் சிவில் கோர்ட்டுகள் மூன்று படியாக இருக்கின்றன. கீழே முன்சீப் கோர்ட்டு. அதற்கு மேலே சப் கோர்ட்டு. அதற்கு மேலே ஜில்லா கோர்ட்டு. எது எவ்வளவு மதிப்புள்ள வழக்கை விசாரிக்கலாம் என்பதை 1873-ம் வருஷத்துச் சிவில் கோர்ட்டுகள் சட்டம் வரையறுத்தது. அன்று முன்சீப்புக்கு எல்லை 2,500 ரூபாய். பணத்தின் மதிப்பு இறங்க இறங்க இந்த எல்லையைப் பலமுறை உயர்த்தி வந்திருக்கிறார்கள். ஆகையால் பிராது கொடுக்கிற அன்றைக்கு எல்லை எவ்வளவு என்பதைக் கேட்டுத் தெரிந்துகொள்வதே வாதியின் முதல் வேலை.

அடுத்தது, 1908-ம் வருஷத்துச் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 15-வது பிரிவு. ஒரு வழக்கை விசாரிக்க அதிகாரமுள்ள கோர்ட்டுகளில் எது மிகவும் கீழ்ப்படியோ, அதில்தான் அதைப் போட வேண்டும் என்கிறது. 16-வது பிரிவுப்படி, நில வழக்கு நிலம் இருக்கிற எல்லைக்குள் நடக்க வேண்டும். கடன் வழக்கானால், பிரதிவாதி குடியிருக்கும் இடத்திலோ வியாஜ்யம் உண்டான இடத்திலோ போடலாம்.

இதில் ஏழைக்கு என்ன லாபம் என்று கேட்கலாம். 1989-ல் திருவண்ணாமலை தனி ஜில்லா ஆகும்வரை நமக்கு ஜில்லாத் தலைநகர் வேலூர். பணக்கார வாதி ஒவ்வொரு சில்லறை வழக்கையும் அங்கே கொண்டுபோகலாம் என்றிருந்தால், ஏழைப் பிரதிவாதி வாய்தாவுக்கு வாய்தா கூலியை இழந்து, பஸ் செலவிலேயே தோற்றிருப்பான். கீழ்ப்படியில் போடு என்ற விதி அவனுக்குப் பாதுகாப்பு.

நிற்க. “பெரிய கோர்ட்டில் போட்டால் பெரிய நியாயம் கிடைக்காதா?” என்று சிலர் கேட்கிறார்கள். பெரிய கோயில் சாமிக்குச் சக்தி அதிகம் என்று நினைக்கிற அதே புத்திதான் இது. 1897-ல் கமுதிக் கோயிலுக்குள் நாடார்கள் நுழைந்தார்கள். கோயில் தர்மகர்த்தாவான ராமநாதபுரம் பாஸ்கர சேதுபதி வழக்குப் போட்டார். நுழைய உரிமையில்லை, தீட்டுக் கழிக்கும் சடங்குச் செலவையும் கொடு என்று 1899-ல் மதுரை சப் கோர்ட்டு நாடார்களுக்குத் தீர்ப்புச் சொல்லிற்று. 1901-ல் சென்னை ஹைகோர்ட்டிலும் அவர்கள் தோற்றார்கள். கடல் தாண்டி லண்டன் பிரிவி கவுன்சிலுக்குப் போயும் 1908-ல் தோற்றார்கள். படி உயர்ந்ததே தவிர நியாயம் உயர்ந்ததா? இல்லை. ஏனெனில், எந்தப் படியிலிருந்த ஜட்ஜும் பார்த்தது வழக்கத்தையும் சட்டத்தையுமே. 1947-ல் சென்னைச் சட்டசபை செய்த ஆலயப் பிரவேசச் சட்டம் கதவைத் திறந்துவிட்டது. ஆகவே, உள்ள சட்டத்தை நிறைவேற்றிக்கொள்ளச் சரியான கோர்ட்டுக்குப் போக வேண்டும். சட்டமே அநியாயமானால் அதை மாற்றக் கிளர்ச்சி செய்ய வேண்டும். இரண்டுக்கும் பிரார்த்தனை உதவாது.

தோழர்களே! வழக்கில் சிக்கினால் இவற்றை மறவாதீர்கள். பிராதில் காட்டிய மதிப்பு என்ன என்று நீங்களே கேளுங்கள். நீங்கள் பிரதிவாதியானால், கோர்ட்டுக்கு அதிகாரமில்லை என்ற ஆட்சேபணையை ஆரம்பத்திலேயே சொல்லுங்கள். பின்னால் சொன்னால் சாதாரணமாக ஏற்கமாட்டார்கள். தவறான கோர்ட்டில் நல்லெண்ணத்தோடும் கவனத்தோடும் வழக்கு நடத்திக் கழிந்த காலத்தைக் காலக்கெடுவில் சேர்க்க வேண்டியதில்லை என்று 1963-ம் வருஷத்துக் காலவரையறைச் சட்டத்தின் 14-வது பிரிவு சொல்லுகிறது. தூங்கிக் கழித்த காலத்துக்கு அந்தச் சலுகை இல்லை. 2017-ல் நம் மாகாணத்தில் மதிப்பின்மேல் வாங்கும் கோர்ட்டுக் கட்டணத்தை நூற்றுக்கு ஏழரையிலிருந்து மூன்றாகக் குறைத்திருக்கிறார்கள். லட்ச ரூபாய்க் கடன் வழக்குக்கு மூவாயிரம். கட்டணத்துக்குப் பயந்து மதிப்பைப் பொய்யாகக் குறைக்காதீர்கள். பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடித் தோழர்களுக்கும், வருமானம் எவ்வளவானாலும், 1987-ம் வருஷத்துச் சட்டப்படி இலவச சட்ட உதவி உண்டு.

செங்கத்துக் குடியானவர் இப்போது திருப்பி வந்த பிராதைச் சப் கோர்ட்டில் போட்டிருக்கிறார். இந்தத் தடவை நாள் பார்க்கவில்லை. நிலத்தின் மதிப்பைப் பார்த்துப் போட்டார்.