பெயர் சிலாபம், களம் வேறு

சிலாபம் என்றவுடன் நம் நினைவில் எழுவன முன்னேசுவரத் திருவிழாவும், மீன் வாடிகளும், கடலோரத் தென்னந்தோப்புகளுமே. அவ்வூரின் பெயரைத் தாங்கி ஒரு கிரிக்கெட் கழகமும் உண்டு என்பதை நம் வாசகர்களுள் எத்தனை பேர் அறிவர்?

சிலாபம் மேரியன்ஸ் என்னும் அக்கழகம், பிரித்தானியர் காலத்திலேயே வேரூன்றிய கொழும்புக் கழகங்களைப் பின்தள்ளி, 2009-10ஆம் பருவத்திலே இலங்கையின் முதல்தரப் போட்டியில் வாகை சூடியது. 2017-18இலும் அவ்வெற்றியை மீண்டும் எய்தியது.

சிலாபத்திலே பிறந்து இக்கழகத்திற்காகப் பந்து வீசியவர் ஷமிந்த எரங்க. 2011 செப்டெம்பரிலே, கொழும்பிலே, தமது டெஸ்ட் வாழ்வின் முதற் பந்திலேயே அவுஸ்திரேலியாவின் ஷேன் வாட்சனை அவர் ஆட்டமிழக்கச் செய்தார். அதே தொடரில், காலியிலே, அவுஸ்திரேலியரான நேதன் லயனும் தமது முதற் பந்திலேயே நம் சங்கக்காரவை வீழ்த்தியிருந்தார். கணக்குத் தீர்ந்தது என்று நாம் மகிழ்ந்ததில் வியப்பில்லை!

ஆயினும் ஒரு குறை நம் நெஞ்சை உறுத்துகிறது. இக்கழகம் தன் சொந்தக் களமாகக் கொண்டது கம்பஹா மாவட்டத்துக் கட்டுநாயக்காவிலுள்ள சுதந்திர வர்த்தக வலய மைதானத்தையே. சிலாபத்திலிருந்து அது நாற்பது கிலோமீற்றருக்கும் அப்பால். அமெரிக்கச் சிற்றூர்களிலே, மாலையில் வேலை முடிந்தவர்கள் பிள்ளைகளுடன் நடந்துபோய்த் தம்மூர் பேஸ்போல் அணியைப் பார்த்துத் திரும்புவர். வலையை உலர்த்திவிட்டு வரும் சிலாபத்துத் தந்தைக்கு அது இயலுமா? எரங்கவின் பந்தைக்கூட அவர் மகன் தொலைக்காட்சியிலேதான் கண்டிருப்பான்.