செனட் மண்டபமும் நாற்பத்தெட்டு மடையும்

தோழா!

மாநாடு காணச் சென்னை சென்றால், கடற்கரையில் அண்ணா துயிலுமிடம் கண்டு வணங்காமல் நீ ஊர் திரும்புவதில்லை. அடுத்த முறை செல்லும்போது, சாலையின் மறுபுறமும் சற்றே பார்! மூலைக்கொன்றாக நான்கு கோபுரங்களும், அவற்றின் முடியிலே குவிமாடங்களும், வண்ணக் கண்ணாடிச் சாளரங்களுமாக ஒரு கட்டடம் நிற்கும். அதுதான் சென்னைப் பல்கலைக்கழகத்தின் செனட் மண்டபம். அழகிய மண்டபம், மறுப்பாரில்லை. ஆனால் அந்த அழகு எவர் பொருட்டு எழுந்தது, எவருக்குத் திறந்தது, எவருக்கு மூடிக் கிடந்தது என்பதை அறிந்த கண்ணோடு அதைக் காண வேண்டும்.

"இராஜசிங்கமங்கலத்து வயற்காட்டில் நிற்பவனுக்குச் சேப்பாக்கத்து மண்டபத்தின் கதை எதற்கு?" என்று கேட்பாய். உன் ஊர்க் கண்மாயைப் பார்த்தே பதில் சொல்கிறேன். நாரை பறக்காத நாற்பத்தெட்டு மடை என்று நாடே பேசும் கண்மாய் அது! கரையின் நீளம் கண்டு வியக்கிறார்கள் வழிப்போக்கர்கள். உழவன் கேட்பதோ வேறு: "கடைமடைக்குத் தண்ணீர் வந்ததா?" மடை திறவாத கண்மாய் வெறும் மண்மேடு. கதவு திறவாத கல்விக்கூடம் வெறும் கல்மேடு!

1857ஆம் ஆண்டு, வடக்கே சிப்பாய்கள் வெள்ளையனை எதிர்த்து வாளெடுத்த ஆண்டு. அதே ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள் பிறந்தது சென்னைப் பல்கலைக்கழகம். அதன் முதல் பட்டதாரிகள் இருவர் யார் தெரியுமா? சி. வை. தாமோதரம் பிள்ளை ஒருவர். விசுவநாத பிள்ளை மற்றொருவர். இருவரும் யாழ்ப்பாணத்துத் தமிழர்! தாமோதரனார் பட்டம் பெற்றதோடு அமையவில்லை. செல்லரித்த சுவடிகளைத் தேடித் திரட்டி, 1887இல் கலித்தொகையை அச்சேற்றித் தமிழுக்கு மீட்டுத் தந்தார்.

பல்கலைக்கழகம் பிறந்தபோது அதற்குச் சொந்த மண்டபம் இல்லை. வரைபடப் போட்டி நடந்தது; இராபர்ட் ஃபெலோஸ் சிசோம் என்ற ஆங்கிலக் கட்டடக் கலைஞரின் வரைபடம் தேர்வாயிற்று. ஆர்க்காட்டு நவாபிடமிருந்து வெள்ளையர் பறித்துக்கொண்ட சேப்பாக்கம் அரண்மனை அருகிலேயே நின்றது. அதன் சாயலும் மேலைநாட்டுச் சாயலும் கலந்து, 1874இல் தொடங்கி 1879இல் முடித்தார் சிசோம்.

அந்த ஆண்டுகளைக் கூர்ந்து நோக்கு, தோழா! 1876 முதல் 1878 வரை தென்னாட்டைச் சூறையாடியது தாது வருடப் பஞ்சம். இலட்சோபலட்சம் பேர் பசியால் மடிந்தனர். தலைநகரில் கோபுரம் உயர உயர, கிராமங்களில் பிணங்கள் சாய்ந்தன. சீமையின் கடைக்கோடி ஏழைகள் குடிசையைக் காலி செய்து, தொண்டித் துறையிலே தோணி ஏறி, இலங்கையின் தோட்டங்களுக்குக் கூலிகளாகப் போன காலம் அது. அக்கரையிலிருந்து இருவர் பட்டம் பெற இக்கரை வந்தனர். இக்கரையிலிருந்து ஆயிரமாயிரவர் வயிறு கழுவ அக்கரை போயினர். கடல் ஒன்றுதான், கப்பல் வேறு!

மண்டபம் எழுந்தது. பட்டமளிப்பு விழாக்கள் பளபளத்தன. உள்ளே அமர்ந்தவர் யார்? 1916 டிசம்பரில் பார்ப்பனரல்லாதார் அறிக்கை வெளிவந்தது. அந்நாளில் எடுத்துக்காட்டப்பட்ட 1914ஆம் ஆண்டுக் கணக்கைக் கேள்: பல்கலைக்கழகத்தில் பதிவு பெற்ற பட்டதாரிகள் 650 பேர். அவர்களில் பார்ப்பனர் 452. பார்ப்பனரல்லாத இந்துக்கள் 124. ஏனையோர் 74. நாட்டு மக்களில் நூற்றுக்கு மூன்று பேராக இருந்தவர் கையில் பத்துக்கு ஏழு இடம்! அறிவிலே குறையா? அல்ல. தலைமடையிலேயே நீரைத் தேக்கிக்கொண்டால் கடைமடை காயாமல் என் செய்யும்?

அந்த மடையைத் திறக்கப் புறப்பட்டவர்தான் டாக்டர் நடேசனார். மேடை முழக்கம் பிறகு. முதலில் தங்க இடம், உண்ணச் சோறு என்றார். வெளியூரிலிருந்து படிக்க வந்த பார்ப்பனரல்லாத பிள்ளைக்குச் சென்னையில் தலைசாய்க்க இடமில்லை. மண்டபத்துக்கு அண்மையில், திருவல்லிக்கேணியில், 1916இல் திராவிடர் இல்லம் என்ற மாணவர் விடுதியைத் தொடங்கினார். சிசோம் கட்டியது கோபுரம். நடேசனார் கட்டியது படிக்கட்டு! நீதிக்கட்சி ஆண்ட நாளில், 1923இல், புதிய பல்கலைக்கழகச் சட்டம் வந்தது. தேர்வு நடத்தும் அலுவலகமாக இருந்தது, கற்பிக்கும் கழகமாகவும் வளர்ந்தது. 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகத் தமிழ்ப் பேரகராதியை வெளியிட்டது. அந்தத் தமிழ் அகராதிக்கும் 'லெக்சிகன்' என்றே பெயர் வைத்தார்கள். அது அந்நாளைய நோய்!

இன்னொரு காட்சியும் அந்த மண்டபம் கண்டது. 1937 ஜூலை 14 முதல் டிசம்பர் 21 வரை சென்னை மாகாணச் சட்டமன்றம் அங்கேதான் கூடியது. அங்கே அமர்ந்த ஆச்சாரியார் அமைச்சரவைதான், 1938 ஏப்ரலில், இந்தியைக் கட்டாயப் பாடமாக்கி ஆணையிட்டது. கல்விக்கென எழுந்த கூடத்தில் அமர்ந்தவர்கள், தாய்மொழியின் தலையிலே கை வைத்தனர். நடராசனும் தாளமுத்துவும் சிறைக்கோட்டம் புகுந்து உயிரீந்தது அதன் விளைவு.

மடைகள் பின்னர் ஒவ்வொன்றாகத் திறந்தன. 1966இல் மதுரைக்கு ஒரு பல்கலைக்கழகம் வந்தது. 1985இல் காரைக்குடிக்கு அழகப்பா பல்கலைக்கழகம் வந்தது. இராமநாதபுரம் மாவட்டத்துக் கல்லூரிகள் இன்று அதன் கீழ் இயங்குகின்றன. உன் மகள் பட்டத்துக்குச் சேப்பாக்கம் வரை செல்ல வேண்டியதில்லை; பேருந்து ஏறிப் போய்ப் படித்துவிட்டு வருகிறாள். இது யாரும் இட்ட பிச்சையல்ல. உன் பாட்டன் பட்ட பாட்டின் பயன்!

இனிக் கவலைப் பகுதிக்கு வருகிறேன். 1857ஆம் ஆண்டுச் சட்டம் ஆளுநரையே வேந்தராக்கியது. வெள்ளையன் போனான், அந்த வழக்கம் போகவில்லை. துணைவேந்தரை மாநில அரசே நியமிக்க வகை செய்யும் முன்வடிவுகளை 2022இல் சட்டமன்றம் நிறைவேற்றியது. ஆளுநர் மாளிகைக்கும் டில்லிக்கும் நீதிமன்றங்களுக்குமாக அவை அலைந்த அலைச்சலை நாடறியும். 2023 ஆகஸ்டில் சென்னைத் துணைவேந்தரின் பதவிக்காலம் முடிந்தது. ஆண்டு கடந்தும் நாற்காலி வெறுமையாகவே கிடந்தது. 2024 தொடக்கத்தில் வருமான வரித்துறை பல்கலைக்கழகத்தின் வங்கிக் கணக்குகளை முடக்கியது. ஊதியத்துக்கும் ஓய்வூதியத்துக்கும் ஆசிரியர்கள் கையேந்தி நின்றனர்.

டில்லியைச் சாடுவது எளிது, சாடுவோம். ஆனால் அதோடு கடமை முடிந்ததென்று துண்டை உதறித் தோளில் போட்டுப் புறப்படலாகாது. "எங்கள் பல்கலைக்கழகம்" என்று உரிமை பேசும் நாம், அதன் உலையில் அரிசி இருக்கிறதா என்று பார்க்க வேண்டாமா? நியமிக்கும் உரிமை மாநிலத்துக்கு என்றால், நிதி தரும் பொறுப்பும் மாநிலத்துக்கே. கோட்டையில் யார் அமர்ந்தாலும் இதைக் கேட்க வேண்டும். நம்மவர் அமர்ந்தால் இன்னும் உரக்கக் கேட்க வேண்டும்.

பல்கலைக்கழகத்தின் நூற்றைம்பதாம் ஆண்டையொட்டிச் செனட் மண்டபத்தைப் பழுது பார்த்தார்கள். நன்று! சுண்ணாம்பு உதிர்ந்தால் பூசிவிடலாம். ஆசிரியர் இடம் காலியாகி, ஆய்வு நின்று, ஏழைப் பிள்ளை ஏமாந்து திரும்பினால் அதற்குப் பூச்சு ஏது?

ஆகவே, தோழா! படிப்பகத்தில் இந்த ஏட்டைப் படித்து மடித்து வைத்துவிடாதே. உன் ஊரில் பள்ளி இறுதி முடித்துக் கல்லூரிப் படி ஏறாத பிள்ளைகள் எத்தனை பேர் என்று கிளைதோறும் கணக்கெடு. எந்தப் பிள்ளை கட்டணம் இல்லாமல் நின்றது, எது பேருந்து இல்லாமல் நின்றது, எது விடுதி இல்லாமல் நின்றது என்று பெயர் பெயராக எழுது. அந்தப் பட்டியலோடு வட்டச் செயலாளரிடம் போ. சட்டமன்ற உறுப்பினரிடம் போ. பதில் வரும்வரை போ. நடேசனார் தொடங்கியதும் ஒரு விடுதியில்தான்!