ரிப்போர்ட் படிப்போம்: நுரையீரல் நீரில் ஈஸினோபில்... `அலர்ஜிதான்' என்று விட்டுவிடலாமா?

``அப்பாவுக்கு மூச்சு வாங்குதுன்னு டாக்டர்கிட்ட போனோம். எக்ஸ்-ரே பார்த்துட்டு, வலது பக்க நுரையீரல்ல நீர் கோத்திருக்குன்னு சொன்னாங்க. ஊசி போட்டு நீர் எடுத்து லேபுக்கு அனுப்பினாங்க. ரிப்போர்ட்ல ஈஸினோபில் 38 சதவிகிதம்னு இருக்கு. `ஈஸ்னோபீலியாதானே, தூசி அலர்ஜி, மாத்திரை போட்டா சரியாயிடும்'னு சித்தப்பா சொல்றார். `நெஞ்சுல நீர்னாலே டி.பி-தான்'னு பக்கத்து வீட்டு அத்தை சொல்றாங்க. யார் சொல்றது சரி?''

இந்தப் பகுதிக்கு வாசகி ஒருவர் அனுப்பிய கேள்வி இது. சித்தப்பா, அத்தை இருவர் சொல்வதையும் அப்படியே ஏற்றுக்கொள்ள முடியாது. ஏன் என்று பார்ப்போம்.

நீர் எங்கே கோக்கிறது?

`நுரையீரலில் நீர்' என்று நாம் சொன்னாலும், நீர் பெரும்பாலும் நுரையீரலுக்கு உள்ளே இருப்பதில்லை. நுரையீரலை மூடியபடி இரண்டு மெல்லிய உறைகள் இருக்கின்றன. ஒன்று நுரையீரலோடு ஒட்டியிருக்கும். இன்னொன்று நெஞ்சுக்கூட்டின் உள்பக்கம் ஒட்டியிருக்கும். மூச்சுவிடும்போது இரண்டும் உரசாமல் வழுக்கிக்கொண்டு நகர, நடுவில் சில டீஸ்பூன் அளவுக்கு திரவம் எல்லோருக்கும் உண்டு. உறையில் அழற்சி ஏற்பட்டால் இந்தத் திரவம் அதிகமாகிவிடும். அப்போதுதான் நெஞ்சில் குத்தல், வறட்டு இருமல், மாடிப்படி ஏறினால் இளைப்பு எல்லாம் வரும்.

ஈஸினோபில் என்பது வெள்ளை அணுக்களில் ஒரு வகை. 1879-ல் ஜெர்மானிய மருத்துவர் பால் எர்லிக் இதை அடையாளம் கண்டார். ஈயோசின் என்ற சாயத்தை ஏற்றினால் மைக்ரோஸ்கோப்பில் செக்கச் செவேலென்று தெரியும். அதனால்தான் அந்தப் பெயர். புழுக்களை எதிர்ப்பதும், அலர்ஜியில் பங்கெடுப்பதும் இதன் வேலை. ரத்தத்தில் ஒரு மைக்ரோ லிட்டருக்கு 500 வரை இருந்தால் இயல்பு.

நெஞ்சு நீரில் உள்ள அணுக்களில் 10 சதவிகிதம் அல்லது அதற்கு மேல் ஈஸினோபில் இருந்தால், அதை `ஈஸினோபில் மிகுந்த நீர்க்கோப்பு' என்று மருத்துவர்கள் தனியாக வகைப்படுத்துகிறார்கள். வாசகியின் அப்பாவுக்கு 38 சதவிகிதம். ஆக, இது கவனிக்க வேண்டிய எண்தான். ஆனால், இது நோயின் பெயர் அல்ல. எந்தத் திசையில் தேட வேண்டும் என்று காட்டும் ஒரு துப்பு மட்டுமே.

நமக்குத் தெரிந்த `ஈஸ்னோபீலியா' வேறு!

நம் ஊரில் ராத்திரியில் இருமினால், வீசிங் வந்தால், `ஈஸ்னோபீலியா' என்று சொல்லிவிடுவோம். அதற்கு ஒரு வரலாறு இருக்கிறது. மதனப்பள்ளிக்கு அருகில் உள்ள ஆரோக்கியவரம் காசநோய் சானடோரியத்தைச் சேர்ந்த ஃப்ரிமோட் மோலர், பார்ட்டன் என்ற இரு மருத்துவர்கள், காசநோய் போலவே தோன்றி, காசநோயாக இல்லாத ஒரு நோயைப் பற்றி 1940-ல் எழுதினார்கள். அந்த நோயாளிகளின் ரத்தத்தில் ஈஸினோபில் எகிறியிருந்தது. 1943-ல் வைங்கார்ட்டன் என்ற மருத்துவர் அதற்கு `டிராப்பிகல் ஈஸினோபீலியா' என்று பெயரிட்டார். கொசு மூலம் பரவும் யானைக்கால் நோய்ப் புழுவுக்கு எதிராக உடல் அளவுக்கு மீறிச் சீறுவதுதான் காரணம் என்பது பிற்பாடு தெரியவந்தது. இதில் ரத்தத்தில் ஈஸினோபில் 3,000-ஐத் தாண்டும். புழுவுக்கான டி.இ.சி மாத்திரையை மூன்று வாரம் கொடுத்தால் பெரும்பாலானோருக்கு இருமல் அடங்கும்.

ஆனால், அது முக்கியமாக நுரையீரலுக்குள் நடக்கும் பிரச்னை. உறைக்குள் கோத்த நீரில் ஈஸினோபில் இருப்பது வேறு கதை. நீரில் 38 சதவிகிதம் இருக்கும் ஒருவருக்கு ரத்தத்தில் ஈஸினோபில் இயல்பாகவேகூட இருக்கலாம். அதனால், `ரத்த டெஸ்ட் நார்மல், பிரச்னை இல்லை' என்றும் சொல்லிவிட முடியாது.

அப்படியானால் காரணம் என்ன?

பட்டியல் கொஞ்சம் நீளம்தான். முக்கியமானவை இவை.

* காற்று அல்லது ரத்தம்: விபத்தில் நெஞ்சில் அடிபட்டு உறைக்குள் ரத்தம் கசிந்தாலோ, நுரையீரலில் ஓட்டை விழுந்து காற்று புகுந்தாலோ, அந்த எரிச்சலில் ஈஸினோபில்கள் அங்கே திரளும். ரத்தம் கசிந்தவர்களுக்கு இது ஒன்றிரண்டு வாரம் கழித்துத் தெரியலாம். இதய பைபாஸ் அறுவை சிகிச்சைக்குப் பிறகும் இப்படி வருவதுண்டு.

* புற்றுநோய்: `நீரில் ஈஸினோபில் இருந்தால் புற்றுநோய்க்கு வாய்ப்பு குறைவு' என்று ஒரு காலத்தில் நம்பினார்கள். அந்த நம்பிக்கை நிற்கவில்லை. பல ஆய்வுகளைத் தொகுத்து 2012-ல் வெளியான மதிப்பீட்டில், ஈஸினோபில் மிகுந்த நீர்க்கோப்பு உள்ளவர்களில் ஏறக்குறைய நான்கில் ஒருவருக்குப் புற்றுநோய் காரணமாக இருந்தது. ஏறத்தாழ அதே அளவினருக்கு எவ்வளவு தேடியும் காரணம் கிடைக்கவில்லை.

* மருந்துகள்: சிறுநீர்த் தொற்றுக்குக் கொடுக்கப்படும் நைட்ரோஃபுரன்டாயின், வலிப்புக்கான வால்ப்ரோயேட் போன்ற சில மருந்துகள் அரிதாக இப்படிச் செய்யும். மருந்தை மாற்றினால் நீர் வற்றிவிடும். ஆனால் நீங்களாக நிறுத்தாதீர்கள். அதிலும் வலிப்பு மாத்திரையைத் திடீரென நிறுத்துவது ஆபத்து.

* புழுக்கள்: நன்னீர் நண்டைச் சரியாக வேகவைக்காமல் சாப்பிட்டால் நுரையீரல் புழு உடலுக்குள் போகும். மணிப்பூர், நாகாலாந்து, அருணாசலப் பிரதேசப் பகுதிகளில் இந்த நோய் உண்டு. ரத்தம் கலந்த சளி, நெஞ்சில் நீர் என்று அச்சு அசல் டி.பி போலவே இருப்பதால், அங்கே டி.பி மாத்திரை சாப்பிட்டும் குணமாகாமல் அலைந்தவர்கள் இருக்கிறார்கள். உண்மையில் அவர்களுக்குத் தேவைப்பட்டது சில நாள் புழு மருந்துதான்.

* மற்றவை: நிமோனியாவை ஒட்டி வரும் நீர், நுரையீரல் ரத்தக்குழாய் அடைப்பு, ஆஸ்பெஸ்டாஸ் தூசியில் வேலை செய்தது, ஆஸ்துமாவோடு கை கால் மரத்துப்போகும் ஒருவகை ரத்தக்குழாய் அழற்சி ஆகியவையும் பட்டியலில் உண்டு.

டி.பி-யா, இல்லையா?

நம் நாட்டில் நெஞ்சில் நீர் என்றதும் டாக்டர்கள் டி.பி-யை நினைப்பதில் தவறே இல்லை. ஆனால் டி.பி நீரில் வழக்கமாக மிகுந்திருப்பது லிம்போசைட் என்ற வேறு வகை அணு. ஏ.டி.ஏ என்ற என்சைமும் பெரும்பாலும் 40-க்கு மேல் இருக்கும். ஈஸினோபில் அதிகமாக இருந்தால் டி.பி-க்கான வாய்ப்பு குறையுமே தவிர, அறவே இல்லை என்று ஆகாது. அதேபோல, ஏ.டி.ஏ அதிகம் என்பதை மட்டும் வைத்து டி.பி என்று முடிவு கட்டவும் முடியாது. சீழ் கட்டினாலும் அது உயரும்.

தவறான முடிவு இரண்டு பக்கமும் இழப்புதான். டி.பி இல்லாதவர் ஆறு மாதம் மாத்திரை விழுங்குவார். அந்த ஆறு மாதமும் உள்ளே இருக்கும் உண்மையான நோய் வளரும். டி.பி இருப்பவரை `அலர்ஜி' என்று விட்டுவிட்டால், அவருக்கும் ஆபத்து. நுரையீரலிலும் கிருமி இருந்தால் வீட்டில் உள்ளவர்களுக்கும் தொற்றும்.

டாக்டர் எப்படிக் கண்டுபிடிப்பார்?

முதல் கட்டம், கேள்விகள். ஆறு மாதத்துக்குள் அடிபட்டதா, என்னென்ன மாத்திரை சாப்பிடுகிறீர்கள், என்ன வேலை பார்த்தீர்கள், நண்டு சாப்பிட்டீர்களா, எடை குறைந்ததா என்றெல்லாம் கேட்பார்கள். `மூச்சு வாங்குதுன்னு வந்தா நண்டைப் பத்திக் கேக்குறாரே' என்று நினைக்காதீர்கள். விடை அங்கேதான் இருக்கும்.

அடுத்தது அல்ட்ரா சவுண்ட் பார்த்து, விலா எலும்புகளுக்கு நடுவே ஊசி செலுத்தி நீர் எடுப்பது. மரத்துப்போக ஊசி போட்டுவிட்டுத்தான் செய்வார்கள். அந்த நீரில் புரதமும் எல்.டி.ஹெச்-சும் எவ்வளவு என்று பார்ப்பார்கள். 1972-ல் ரிச்சர்ட் லைட் என்ற அமெரிக்க மருத்துவர் வகுத்த அளவுகோல்படி, இந்த நீர் அழற்சியால் வந்ததா, இதயம் அல்லது கல்லீரல் கோளாறால் வந்ததா என்று பிரிக்க இது உதவும். பிறகு அணுக்களின் வகை எண்ணிக்கை, கிருமிப் பரிசோதனை, புற்றணுப் பரிசோதனை.

இதில் ஒரு விஷயத்தை மறக்க வேண்டாம். நீரில் புற்றணு தெரியவில்லை என்றால் புற்றுநோய் இல்லை என்று அர்த்தமில்லை. புற்றுநோயால் கோத்த நீரிலேயே சுமார் 60 சதவிகிதம் பேருக்குத்தான் நீர்ப் பரிசோதனையில் தெரியும். சந்தேகம் நீடித்தால் சி.டி ஸ்கேன், அதற்கும் அடுத்து, சிறு துளை வழியாக கேமரா செலுத்தி உறையிலிருந்தே துணுக்கு எடுத்துப் பார்க்கும் தொராக்கோஸ்கோப்பி. 90 சதவிகிதத்துக்கும் மேலான புற்றுநோயை இதில் பிடித்துவிடலாம். டாக்டர் இதைப் பரிந்துரைத்தால், `எத்தனை டெஸ்ட்தான் எடுப்பாங்க' என்று சலித்துக்கொண்டு பாதியில் நிறுத்திவிடாதீர்கள்.

ஸ்டீராய்டு... அவசரம் வேண்டாம்!

ஸ்டீராய்டு கொடுத்தால் ஈஸினோபில் மளமளவென்று இறங்கும். ரிப்போர்ட் அழகாகிவிடும். காரணமோ உள்ளேயே இருக்கும். அதைவிட ஆபத்து ஒன்று உண்டு. வெறும் காலில் மண்ணில் நடக்கும்போது தோல் வழியே நுழையும் ஸ்ட்ராங்கிலாய்ட்ஸ் என்ற புழு, ஸ்டீராய்டு கொடுத்தால் உடல் முழுக்கப் பெருகி உயிருக்கே உலை வைக்கும். எனவே, புழு இல்லை என்று பார்த்த பிறகே ஸ்டீராய்டு. யாரோ சொன்னார்கள் என்று மெடிக்கல் ஷாப்பில் நேரடியாக வாங்கிப் போடவே கூடாது.

டாக்டரிடம் இந்த நான்கைக் கேளுங்கள்

1. நீரில் லிம்போசைட் எவ்வளவு, ஈஸினோபில் எவ்வளவு?
2. டி.பி என்று சொல்வதற்கு என்னென்ன ஆதாரம் கிடைத்திருக்கிறது?
3. புற்றணுப் பரிசோதனைக்குப் போதுமான நீர் அனுப்பப்பட்டதா?
4. நீர் மறுபடி கோத்தால் அடுத்த பரிசோதனை என்ன?

காரணம் கிடைக்காமல், நீர் தானாகவே வற்றிப்போகிறவர்களும் உண்டு. அவர்கள்கூட டாக்டர் சொன்ன தேதியில் திரும்பப் போய் எக்ஸ்-ரே எடுத்துக்கொள்ள வேண்டும். உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு முட்டினாலோ, உதடு நீலம் பாய்ந்தாலோ, இருமலில் ரத்தம் வந்தாலோ தேதிக்காகக் காத்திருக்காமல் உடனே மருத்துவமனைக்குக் கிளம்புங்கள். பழைய எக்ஸ்-ரே, லேப் ரிப்போர்ட், சாப்பிடும் மாத்திரைகளின் அட்டை எல்லாவற்றையும் ஒரே பையில் போட்டு எடுத்துக்கொண்டு போங்கள். டாக்டருக்கு அந்தப் பை பெரிய உதவி.